பால்மனையின் கதையைத் தோடர்களே சொல்லட்டும்

நீலகிரி மலைமேல் ஓரிடத்தில் ஓன் என்னும் தெய்வமும் அவன் மனைவியும் ஒரு நீண்ட இரும்புத் தண்டைக் கிடத்தினார்கள். ஒரு முனையில் ஓன் நின்றான். அவன் பக்கம் பூமிக்குள்ளிருந்து எருமைகள் ஒவ்வொன்றாக மேலே வந்தன, மொத்தம் 1,600. மறுமுனையில் மனைவி நின்றாள். அவள் பக்கம் வந்தவை 1,800. ஓன் வரவழைத்த கடைசி எருமையின் வாலைப் பிடித்துக்கொண்டு ஒரு மனிதனும் மண்ணிலிருந்து வெளிப்பட்டான். அவன்தான் முதல் தோடன். அவனுடைய விலா எலும்பு ஒன்றை எடுத்து ஓன் ஒரு பெண்ணைப் படைத்தான். ஓனின் எருமைகள் கோயில் எருமைகளுக்கும், மனைவியின் எருமைகள் வீட்டு எருமைகளுக்கும் மூதாதைகள் ஆயின.

விலா எலும்பு என்றதும் பைபிள் நினைவுக்கு வரும். பாதிரியார்களோடு பழகியதில் அந்தத் துணுக்கு ஒட்டிக்கொண்டிருக்கலாம் என்ற ஐயமும் எழும். ஆனால் பெண் தெய்வம் ஆண் தெய்வத்தைவிட 200 எருமைகள் கூடுதலாகக் கொண்டுவந்ததும், எருமை முதலிலும் மனிதன் அதன் வாலைப் பிடித்துக்கொண்டு கடைசியிலும் வந்ததும் வேறெங்கிருந்தும் கடன் வாங்கியவை அல்ல. இப்படியொரு படைப்புக் கதை நம் மாவட்டம் ஒன்றில், நமக்குப் பக்கத்திலேயே வாழும் மக்களிடம் இருக்கிறது. ஊட்டிக்குப் பத்து முறை போய்வந்த தமிழர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

இந்தக் கதையை அச்சில் ஏற்றியவர் டபிள்யூ. எச். ஆர். ரிவர்ஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர். 1898-ல் டாரஸ் நீரிணைத் தீவுகளுக்குச் சென்ற கேம்பிரிட்ஜ் ஆய்வுக் குழுவில் இருந்தவர். அங்கே பழகிய முறையோடு 1901-ன் பிற்பகுதியில் நீலகிரிக்கு வந்தார். சில மாதங்கள் தங்கினார். வீடு வீடாகக் கொடிவழி கேட்டு எழுதினார். ஒருவர் சொன்னதை இன்னொருவரிடம் தனியே கேட்டுச் சரிபார்த்தார். 1906-ல் வெளிவந்த ‘தி தோடாஸ்’ 700 பக்கங்களைத் தாண்டிய நூல். பிற்காலத்தில் முதல் உலகப் போரில் மனம் நொறுங்கிய வீரர்களுக்கு ஸ்காட்லாந்தின் கிரெய்க்லாக்கார்ட் மருத்துவமனையில் சிகிச்சை அளித்தவரும் இதே ரிவர்ஸ்தான். கவிஞர் சீக்ஃப்ரீட் சசூன் அவரிடம் சிகிச்சை பெற்றார்.

நூலின் உயிர் பால்மனைகளைப் பற்றிய இயல்களில் இருக்கிறது. தோடர்களுக்குக் கோயில் என்பது பால் கறந்து, உறையிட்டு, கடைந்து, வெண்ணெயும் நெய்யும் எடுக்கும் இடம். பூசாரி என்பவர் அந்த வேலையைச் செய்பவர். எருமைகளில் தரம் உண்டு. அதற்கேற்பப் பால்மனைகளிலும் படிநிலை உண்டு. உச்சியில் இருந்த பால்மனையின் பூசாரிக்குப் ‘பாலோல்’ என்று பெயர். அவர் அந்தப் பொறுப்பில் இருக்கும்வரை குடும்பத்தைவிட்டு விலகி வாழ வேண்டும். மற்றவர்கள் அவரைத் தொடக்கூடாது.

பால்மனைக்குள் பாத்திரங்கள் வைக்கும் முறையை ரிவர்ஸ் விவரிக்கும் பகுதியை நின்று நிதானமாகப் படிக்க வேண்டும். உள்ளறைப் பாத்திரங்கள் பாலைத் தொடுபவை, புனிதமானவை. வெளிப்பக்கப் பாத்திரங்கள் மோரையும் வெண்ணெயையும் வெளியே கொண்டுபோய் மனிதர்களின் உலகத்தைத் தொடுபவை. இரண்டும் ஒன்றையொன்று தொட்டுவிடக் கூடாது. அப்படியானால் உள்ளே இருப்பதை வெளியே எப்படிக் கொடுப்பது? நடுவில் ஒரு பாத்திரம் இருக்கும். உள்பாத்திரத்திலிருந்து அதில் ஊற்றி, அதிலிருந்து வெளிப்பாத்திரத்துக்கு மாற்றுவார் பூசாரி. தெய்வத்துக்கும் மனிதனுக்கும் இடையிலான எல்லையை இரண்டு பானைகளுக்கு நடுவே வைத்த ஒரு சிறு கலத்தால் வரைந்துவிட்டார்கள். இந்த நுட்பத்தை எழுதி வைத்ததற்காகவே ரிவர்ஸுக்கு நன்றி சொல்லலாம்.

அவர் எழுதியதற்கு ஒரு விலையும் இருந்தது. அதை அவர் மறைக்கவில்லை. சடங்கு இரகசியங்களை அவருக்குச் சொன்னவர்கள், புனித இடங்களைக் காட்டியவர்கள் சிலரின் வாழ்வில் அடுத்தடுத்து நோயும் சாவும் வந்தன. தோடர்கள் குறி கேட்டார்கள். அந்நியனிடம் இரகசியத்தைச் சொன்னதால் தெய்வங்களுக்குக் கோபம் என்று குறி சொன்னவர்கள் சொன்னார்கள். அதோடு அவருக்குத் தகவல் வரும் வழிகள் வற்றிப்போயின. இதை ரிவர்ஸே நூலின் தொடக்கத்தில் பதிவு செய்திருக்கிறார். சொன்னவர்கள் துக்கத்தோடு மலையில் இருந்தார்கள். அவர்கள் சொன்னது புத்தகமாகி லண்டனில் விற்றது. இந்தக் கணக்கு இன்றுவரை நேராகவில்லை என்பதே இங்கே சொல்ல வேண்டிய செய்தி.

ரிவர்ஸ் ஒரு முடிவுக்கும் வந்தார். தோடர்களிடம் சடங்கு வளர்ந்து பெருகிவிட்டது, தெய்வங்கள் நிழலாக மங்கிவிட்டன, சமயம் நலிவின் பாதையில் இருக்கிறது என்பது அவர் கணிப்பு. மொழிபெயர்ப்பாளர்கள் வழியாக, சில மாதங்களில் கேட்டு எழுதியவருக்கு அப்படித் தோன்றியதில் வியப்பில்லை. அவர் காதில் முழுமையாக விழாதது தோடர்களின் பாட்டு.

அதைக் கேட்க இன்னொருவர் வர வேண்டியிருந்தது. மரே பார்ன்சன் எமனோ கனடாவின் நோவா ஸ்கோஷியாவில் 1904-ல் பிறந்தவர். யேல் பல்கலைக்கழகத்தில் சமஸ்கிருதம் படித்தார். அங்கே எட்வர்ட் சபீரிடம் களமொழியியல் கற்றார். 1935-ல் இந்தியா வந்து மூன்று ஆண்டுகள் இருந்தார். தோடா மொழியையும், தோடர்களின் அண்டையரான கோத்தர்களின் கோத்தா மொழியையும் களத்திலேயே கற்றார். தமிழ் ஆய்வாளர்கள் பரோவோடு சேர்த்து உச்சரிக்கும் அதே எமனோதான் இவர். அவர்கள் இருவரும் சேர்ந்து 1961-ல் வெளியிட்ட திராவிடச் சொற்பிறப்பியல் அகராதிக்குத் தோடா, கோத்தா சொற்கள் பெரும்பாலும் அவர் குறிப்பேடுகளிலிருந்தே சென்றன. அகராதியைப் போற்றும் தமிழ் உலகம், அவர் வாழ்நாளின் பெரும் உழைப்பாகிய ‘தோடா சாங்ஸ்’ தொகுப்பை அந்த அளவுக்குக் கையில் எடுக்கவில்லை. 1971-ல் ஆக்ஸ்போர்டில் அச்சான அந்த நூல் ஏறத்தாழ ஆயிரம் பக்கம். எமனோ 2005-ல், 101 வயதில் காலமானார்.

தோடர் பாட்டின் கட்டுமானம் வேறெதைப் போலவும் இல்லை. பாட்டு சிறுசிறு துண்டுகளால் ஆனது. ஒவ்வொரு துண்டும் மூன்று அசை. ஒரு துண்டைப் பாடினால் அதற்கென்று மரபு வகுத்த இணைத் துண்டையும் பாடியே ஆக வேண்டும். ஒரு மலையைச் சொன்னால் அதன் இணை மலை வரும். ஓர் எருமையின் பெயரைச் சொன்னால் இன்னோர் எருமை கூடவே வரும். இப்படி இணைகளாகவே ஓடும் பாட்டில் பிறப்பு, திருமணம், பிணக்கு, சாவு, புதிதாகக் கட்டிய வீடு எல்லாமே பாடுபொருள் ஆகும். பாட்டு கட்டுவதற்குத் தனிப் புலவர் கிடையாது. பழகிய ஒவ்வொரு தோடரும் அந்த இடத்திலேயே பாட்டு கட்டக்கூடியவர். இது எமனோவை அசத்தியது. 1937-லேயே அமெரிக்கத் தத்துவக் கழகத்தின் ஏட்டில் இதைப் பற்றி எழுதினார்.

ஒரு மக்களின் தெய்வங்கள் மங்கிவிட்டனவா என்பதை அவர்கள் பாட்டில்தான் பார்க்க வேண்டும். பாட்டிலும் வழிபாட்டிலும் தோடர்கள் சொல்லும் புனிதப் பெயர்களை ரிவர்ஸ் ‘க்வர்சம்’ என்று குறித்தார். எருமைக்கு ஒன்று, ஓடைக்கு ஒன்று, மலைக்கு ஒன்று, பால்மனைக்கு ஒன்று, சில இடங்களில் ஒரு கல்லுக்கும் ஒன்று. மாலையில் பால்மனைப் பூசாரி விளக்கேற்றி வேண்டும்போது இந்தப் பெயர்கள் வரிசையாக வரும். தோடர் தெய்வங்கள் மலைச்சிகரங்களில் வாழ்பவை. இன்ன தெய்வத்துக்கு இன்ன மலை என்பது அவர்களுக்கு அத்துப்படி. எந்தக் குலத்துக்கு எந்த எருமை, என்ன சடங்கு என்று வகுத்துக் கொடுத்தவள் தெய்கிர்சி என்னும் பெண் தெய்வம். மகன் நீரில் மூழ்கி இறந்த துயரம் தாளாமல் ஓன் அவனைத் தேடி இறந்தோர் உலகமாகிய அம்நோருக்குப் போய்விட்டான். அந்த உலகம் வானத்தில் இல்லை. மேற்கே, குந்தா மலைகளுக்கு அப்பால் இருக்கிறது. இறந்தவர் அங்கே நடந்துதான் போக வேண்டும், தன் எருமைகளோடு. வழியில் எந்த ஓடையைக் கடக்க வேண்டும், எந்தக் கல்லைத் தொட வேண்டும் என்பதெல்லாம் தெரிந்த பாதை அது.

ஊட்டியில் பல் மருத்துவராக இருந்துகொண்டே பல ஆண்டுகள் தோடர்களோடு இந்தப் பாதைகளில் நடந்த தருண் சாப்ரா, 2015-ல் ‘தி தோடா லேண்ட்ஸ்கேப்’ என்ற நூலை வெளியிட்டார். தோடர்களைப் பற்றிய ஆந்தனி வாக்கரின் 1986-ஆம் ஆண்டு நூலும் இதுவும் ரிவர்ஸின் கணிப்பைத் திருத்துகின்றன. தெய்வங்கள் மங்கவில்லை. அவை நிலத்தில் இருந்தன. நிலத்தின் பெயர்களில் இருந்தன. நடந்து பார்த்தவர்களுக்கு அவை தெரிந்தன.

அந்நியர் எழுதிவைத்ததை ஒரு மக்கள் எப்படித் தமதாக்கிக்கொள்ளலாம் என்பதற்கு இந்த இடத்தில் மெக்சிகோவை ஒரு முறை பார்க்க வேண்டும். 1521-ல் ஸ்பானியர்கள் அஸ்டெக் தலைநகரை வீழ்த்திய எட்டு ஆண்டுகளில் பெர்னார்தினோ தே சாகுன் என்ற பிரான்சிஸ்கன் துறவி அங்கே போனார். அஸ்டெக் சமயத்தை ஒழிக்க வேண்டுமானால் முதலில் அதைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்பது அவர் நோக்கம். ஆனால் வேலை அவரை விழுங்கிவிட்டது. ஊர்ப் பெரியவர்களைக் கூட்டிவைத்து அவர்கள் தாய்மொழியான நவாட்டிலிலேயே தெய்வங்கள், திருவிழாக்கள், சோதிடம், மருந்து, பறவைகள் எனக் கேட்டு எழுதினார். உடன் உழைத்தவர்கள் ட்லாடெலோல்கோ கல்லூரியில் படித்த அந்த மண்ணின் இளைஞர்கள். அந்தோனியோ வலேரியானோ முதலிய நால்வரை அவரே பெயர் சொல்லிக் குறிப்பிட்டிருக்கிறார். 1577-ல் முடிந்த அந்த 12 பாகங்களில் ஒரு பத்தியில் நவாட்டில், மறு பத்தியில் ஸ்பானிஷ், இடையிடையே 2,000-க்கும் மேற்பட்ட ஓவியங்கள். அதே ஆண்டில் ஸ்பானிய மன்னர் இரண்டாம் பிலிப் அதைப் பறிமுதல் செய்ய உத்தரவிட்டார். கையெழுத்துப் படி இத்தாலியின் பிளாரன்ஸ் நகர நூலகத்தில் போய்ச் சேர்ந்தது.

நம் கதையிலும் அப்படியொரு பாதிரியார் உண்டு. சாகுன் இறந்து 13 ஆண்டுகளில், 1603-ல், ஜகோமோ ஃபெனிசியோ என்ற ஏசு சபைப் பாதிரியார் கள்ளிக்கோட்டைப் பக்கத்திலிருந்து நீலகிரி ஏறித் தோடர்களைச் சந்தித்தார். அவருடைய அறிக்கையை ரிவர்ஸ் தன் நூலின் பின்னிணைப்பில் சேர்த்திருக்கிறார்.

மெக்சிகோவில் பிறகு நடந்தது முக்கியம். மிகேல் லியோன்-போர்த்தியா என்ற அறிஞர் நவாட்டில் மூலங்களை நேரடியாகப் படித்து 1956-ல் அஸ்டெக் தத்துவம் பற்றியும், 1959-ல் தோற்றவர்கள் கண்ணால் பார்த்த படையெடுப்பு பற்றியும் நூல்கள் எழுதினார். பாதிரியாரின் காகிதங்களில் இருந்தது மெக்சிகோ மக்களின் சொந்தச் சிந்தனையாகத் திரும்ப வந்தது. 2019-ல் அவர் மறைந்தபோது நவாட்டில் படிப்பு அங்கே பல்கலைக்கழகங்களில் ஊன்றிய துறையாக இருந்தது. சாகுனின் 12 பாகங்களும் 2023 முதல் நவாட்டில், ஸ்பானிஷ், ஆங்கிலம் மூன்றிலும் இணையத்தில் யாரும் இலவசமாகப் படிக்கும்படி கிடைக்கின்றன.

அஸ்டெக் பெருங்கோயில் இடிக்கப்பட்டு, அதன் கற்கள் ஸ்பானியர் எழுப்பிய கட்டடங்களுக்குப் போயின. அங்கே அறிஞர்கள் காகிதத்திலிருந்து ஒரு சமயத்தை மீட்க வேண்டியிருந்தது. நீலகிரியில் நிலைமை அதுவல்ல. ஊட்டியை அடுத்த முத்தநாடு மந்தில் (மந்து என்பது தோடர் குடியிருப்பு) கூம்பு வடிவக் கோயில் நிற்கிறது. ஆண்டுதோறும் மார்கழிக் குளிரில் மொற்பர்த் பண்டிகைக்குத் தோடர்கள் பூத்துக்குளி என்னும் தங்கள் பூத்தையல் சால்வையைப் போர்த்திக்கொண்டு அங்கே திரளுகிறார்கள். ஆண்கள் வட்டமாகக் கைகோத்து ஆடிப் பாடுகிறார்கள். இளைஞர்கள் இளவட்டக்கல் தூக்குகிறார்கள். எருமைக்கு உப்பு ஊட்டும் சடங்கும் தனியே நடந்துவருகிறது. மக்கள்தொகை ஏறத்தாழ 2,000 மட்டுமே. ஆனால் சமயம் உயிரோடு இருக்கிறது. அதை நன்றாகத் தெரிந்த பெரியவர்கள் இருக்கிறார்கள். கேட்க வேண்டியதைக் கேட்க இது தகுந்த நேரம்.

முதல் தேவை, தோடர்களே பொறுப்பேற்று உருவாக்கும் தமிழ்ப் பதிப்பு. ரிவர்ஸ் 1922-ல் இறந்தார்; அவர் நூலுக்குப் பதிப்புரிமைத் தடை எதுவும் இல்லை. எமனோவின் பாடல்களுக்கு வெளியீட்டாளரிடம் அனுமதி கேட்டுப் பெறலாம். முத்தோரை பாலாடாவில் அரசின் பழங்குடியினர் ஆய்வு மையம் இருக்கிறது. தோடர் பட்டதாரிகள் இருக்கிறார்கள். அவர்களில் முதல் பெண் பட்டதாரியான வாசமல்லி போன்றோர் தங்கள் பண்பாட்டைப் பற்றிப் பொதுமேடைகளில் நெடுங்காலமாகப் பேசிவருகிறார்கள். மொழிபெயர்ப்பாளர் மேஜையில் அவர்கள் ஆசிரியர்களாக உட்கார வேண்டும். நூலின் அட்டையில் அவர்கள் பெயர் வர வேண்டும். வருமானம் அவர்கள் மந்துகளுக்குப் போக வேண்டும். ரிவர்ஸுக்கு உதவிய சாமுவேல், ஆல்பர்ட் என்ற மொழிபெயர்ப்பாளர்களும், எமனோவுக்குக் கோத்தர் கதைகளைச் சொன்ன, நீலகிரியின் கொல்லிமலை ஊரைச் சேர்ந்த சுள்ளியும் அடிக்குறிப்புகளில் நின்றுபோனார்கள். சுள்ளி சொன்னவைதான் 1944 முதல் 1946 வரை கலிபோர்னியாவில் நான்கு பகுதிகளாக வந்த ‘கோத்தா டெக்ஸ்ட்ஸ்’ தொகுப்பின் உடல். ஒரு மனிதரின் நினைவாற்றலிலிருந்து ஓர் இனத்தின் கதைக் களஞ்சியம் எழுந்தது. அவர் பெயரை நீலகிரிப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் தெரிந்திருக்க வேண்டும்.

இரகசியங்களை மறுபடியும் ஊருக்குச் சொல்வதா என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ரிவர்ஸ் காலத்துத் துக்கத்தை அறிந்தவர்கள் இதை எளிதாகத் தாண்டிப் போகக்கூடாது. எதைத் தமிழில் அச்சிடலாம், எதை மந்துக்குள்ளேயே பாதுகாக்க வேண்டும் என்பதைத் தோடர் பெரியவர்கள் தீர்மானிக்க வேண்டும். ஆங்கிலத்தில் 120 ஆண்டுகளாக உலகம் முழுவதும் கிடைக்கும் ஒன்றைப் பற்றி முடிவெடுக்கும் உரிமை இப்போதாவது அவர்களுக்கு வரட்டும். பால்மனைக்குள் நுழையப் பெண்களுக்குத் தடை இருக்கும் சமூகத்தில், பெண்கள் பாடும் பாட்டுகளையும் அவர்கள் கைவேலையையும் பற்றிய பகுதிகளைப் பெண்களே எழுத வேண்டும். தோடர் பூத்தையலுக்கு 2013-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. துணிக்கு இருக்கும் உரிமை, சொல்லுக்கும் கதைக்கும் இருக்கக் கூடாதா?

இரண்டாவது தேவை காகிதத்தோடு முடிவதில்லை. க்வர்சங்களில் வரும் ஓடைகள் பல அணைகளின் நீருக்கு அடியில் போய்விட்டன. 1950-களில் கனடா உதவியோடு தொடங்கிய குந்தா நீர்மின் திட்டம் அவலாஞ்சி, எமரால்டு, அப்பர் பவானி என்று மேற்கு நீலகிரி முழுக்க நீர்த்தேக்கங்களைக் கொண்டுவந்தது. மின்சாரம் தமிழகத்துக்கு வேண்டியிருந்தது, உண்மை. ஆனால் அந்தப் பள்ளத்தாக்குகளில் யாருடைய தெய்வங்கள் நின்றன என்று அன்று எவரும் கேட்கவில்லை. புல்வெளிகளில் சீகையும் கற்பூர மரமும் நட்டார்கள். சிறுமுகை ஆலைக்கு மரக்கூழுக்காக மரம் போனது. எருமை மேய்ந்த நிலம் நிழல் விழும் காடானது. கோயிலின் கூரையை வேய்வதற்குச் சதுப்பில் வளரும் புல்லே வேண்டும். சதுப்பு வற்றினால் புல் போகும். புல் போனால் கோயிலுக்குக் கூரை ஏது?

அயல் தாவரங்களை அகற்றிச் சூழலை மீட்பதற்கென்று தமிழக அரசு 2022-ல் ஒரு கொள்கை வெளியிட்டது. எங்கே சீகையை வெட்டுவது, எந்தச் சதுப்பை முதலில் மீட்பது என்று முடிவு செய்யும் அதிகாரிகள், செயற்கைக்கோள் படத்தோடு தோடர் பாட்டையும் கையில் வைத்துக்கொள்ள வேண்டும். எங்கே ஓடை இருந்தது, எங்கே மேய்ச்சல் செழித்தது என்பதை அந்தப் பெயர்கள் சொல்லும். முக்கூர்த்தி தேசியப் பூங்காவின் எல்லைக்குள்ளும் அதைச் சுற்றிலும் உள்ள புனித இடங்களுக்குத் தோடர்கள் சடங்குக்காகப் போய்வர 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின் கீழ் எழுத்துபூர்வ உரிமை தர முடியும். அம்நோருக்குப் போகும் பாதையை ஒரு வனக்காவலரின் அன்றைய மனநிலைக்கு விட்டுவிட முடியாது.

கோத்தர்களின் ஏழு ஊர்களும் இதே வரிசையில் நிற்கின்றன. கோத்தர்களைப் பற்றி டேவிட் மாண்டல்பாம் 1930-களில் எழுதியவை, ரிச்சர்ட் உல்ஃப் 2005-ல் கோத்தர் இசை குறித்து எழுதியது ஆகியவையும் ஆங்கிலத்தில் இருக்கின்றன. குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் பற்றிய குறிப்புகள் இன்னும் சிதறிக் கிடக்கின்றன. படகர் வாழ்வை ராஜம் கிருஷ்ணன் ‘குறிஞ்சித் தேன்’ நாவலில் தமிழ் வாசகர்களுக்குக் காட்டி அறுபது ஆண்டுகள் ஆகின்றன. அவர் அந்த மலையிலேயே தங்கிப் பழகியவர். பக்தவத்சல பாரதி தமிழகப் பழங்குடிகள் பற்றித் தமிழிலேயே எழுதிக் காட்டியிருக்கிறார். தமிழால் இது முடியும்.

அடுத்த மொற்பர்த் பண்டிகைக்கு முன்பாக, ஆய்வு மைய அதிகாரிகளும் மந்துப் பெரியவர்களும் ஒரே பாயில் உட்கார்ந்து முதல் பட்டியலைப் போடட்டும்: எந்தப் பாட்டை எடுத்துக்கொள்வது, யார் பாடிக் காட்டுவது, எந்தப் பிள்ளை அதை எழுதுவது, எந்தப் பெயரை அச்சிடாமல் விடுவது. தோடா மொழியின் ஒலிகளைத் தமிழ் எழுத்தால் முழுமையாக எழுத முடியாது. ஆகவே ஒவ்வொரு பாட்டோடும் ஒலிப்பதிவும் சேர வேண்டும், அதன் மூலப் படி மந்திலேயே இருக்க வேண்டும்.